முப்பத்தைந்து கீல்கள்

சேலத்தில் வந்து இறங்கிய அன்று சாயங்காலம் நான் செய்த முதல் காரியம், ஒரு தள்ளுவண்டி முன் நின்று மூன்று தட்டுவடை செட் தின்றது. இரண்டு தட்டுவடைக்கு நடுவில் துருவிய பீட்ரூட்டும் காரட்டும் வெங்காயமும் வைத்து, இரண்டு நிறத்தில் சட்னி தடவித் தருகிறார்கள். நான் நாகரிகமாகக் கடித்துத் தின்னப் பார்த்துச் சட்டை முழுக்கக் கொட்டிக்கொண்டேன். "முழுசா வாயில போடுங்க சாமி, பாதியாக் கடிச்சா நிக்காதுங்க" என்றார் வண்டிக்காரம்மா. சாமி என்று என்னை யாரும் இதற்குமுன் கூப்பிட்டதில்லை. கொஞ்சம் நிமிர்ந்து நின்றேன். பக்கத்தில் மூக்கொழுக நின்ற மூன்று வயதுக் குழந்தையும் அவருக்குச் சாமிதான் என்று பிறகு தெரிந்தது.

இந்தப் பயணத்தை ஏன் எழுதுகிறேன் என்று இப்போதே சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் தட்டுவடையைப் பற்றியே எழுதித் தப்பித்துவிடுவேன். என்னைப் பற்றி எனக்குத் தெரியும்.

நான் சிங்கப்பூரில் பிறந்து வளர்ந்தவன். சேலமும் நாமக்கல்லும் எனக்கு ஜகார்த்தா மாதிரி வெளிநாடுதான், மொழி மட்டும் புரியும். பூமிக்கு மேலே நானூறு கிலோமீட்டர் உயரத்தில் காற்று எவ்வளவு இருக்கும் என்று கணினியில் கணக்குப் போடுவது என் வேலை. அங்கே போய்க் காற்றா என்று கேட்பார்கள். இருக்கிறது, கொஞ்சநஞ்சம். செயற்கைக்கோளை நாள்தோறும் துளித்துளியாகக் கீழே இழுக்க அந்தக் கொஞ்சநஞ்சமே போதும். சூரியன் கொதித்தால் அந்தக் காற்று உப்பிக்கொண்டு மேலே வரும், இழுப்பு கூடும். சூரியன் அடங்கினால் காற்றும் அடங்கும். அதனால் சூரியன் ஒவ்வொரு நாளும் எப்படி இருந்தது என்ற அளவு எனக்கு வேண்டும். அது வெளியிலிருந்து கோப்பாக வரும். என் நிரல் அதை வாங்கி, உங்கள் செயற்கைக்கோள் இத்தனை மாதம் மேலே நிற்கும் என்று சொல்லும். இருபத்திரண்டு வருடமாக எனக்குச் சோறு போடுவது இதுதான்.

மல்லசமுத்திரம் தாண்டி ஒரு பொறியியல் கல்லூரி இருக்கிறது. அங்கே மாணவர்கள் ரொட்டிப் பொட்டலம் அளவில் ஒரு செயற்கைக்கோள் செய்தார்கள். ஒன்றரை வருடம் நிற்கும் என்று நான் கணக்குக் கொடுத்தேன். ஐந்தே மாதத்தில், போன மே மாதம், எரிந்து விழுந்தது. ஏன் என்று கேட்டு எழுதினார்கள். என் நிரலைத் திறந்து பார்த்தேன். பிழை எதுவும் இல்லை என்று அது சொன்னது. உடனே நான் பதில் எழுதினேன்: கணக்கு சரி, பக்கவாட்டில் விரியும் தகட்டின் கீல் தளர்ந்திருக்கலாம், அதனால் தகடு திரும்பிக் காற்றை வாங்கியிருக்கலாம். எழுத ஐந்து நிமிடம் ஆகியிருக்கும். எழுதிவிட்டுக் கீழே கோப்பிக்கடைக்குப் போய் பால் விடாத கோப்பி ஓ ஒன்று குடித்தேன்.

ஜூலை மாதம் வேறொரு வேலையாகப் பழைய கோப்புகளைத் துழாவியபோதுதான் கண்ணில் பட்டது. சூரிய அளவு வந்துகொண்டிருந்த முகவரி மாறியிருந்தது. அளவு வராத நாளில் வேலை நின்றுவிடக் கூடாதென்று, நேற்றைய எண்ணையே இன்றைக்கும் எடுத்துக்கொள்ளும்படி நான்தான் எப்போதோ எழுதி வைத்திருந்தேன். ஒரு நாள், இரண்டு நாள் விட்டுப்போனால் அது சரி. ஆனால் மாதக்கணக்கில் நிரல் ஒரே நாளைத் திரும்பத் திரும்ப எடுத்துக்கொண்டிருந்தது. அந்த நாள் சூரியன் அமைதியாக இருந்த நாள். நிஜச் சூரியனோ அப்போது தாண்டவம் ஆடிக்கொண்டிருந்தது. சரியான எண்களைப் போட்டு ஓட்டினேன். ஐந்து மாதம் என்று வந்தது. கீலில் ஒரு குற்றமும் இல்லை.

அன்றைக்கே கல்லூரிக்கு ஒரு மின்னஞ்சல் எழுதினேன். அனுப்பவில்லை. நாளைக்கு அனுப்பலாம், மேலதிகாரியிடம் சொல்லிவிட்டு அனுப்பலாம், அவர்களே மறந்திருப்பார்கள், கிளறுவானேன் என்று ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டேன். அது வரைவுப் பெட்டியிலேயே கிடந்தது. இந்த பிப்ரவரியில் கல்லூரி இரண்டாவது செயற்கைக்கோளுக்கு என்னை அழைத்தது. நேரில் போய்ப் பேராசிரியரிடம் தனியாகச் சொல்லிவிடலாம் என்றுதான் மார்ச்சில் கிளம்பினேன்.

மறுநாள் கல்லூரிக்குப் போகிற வழியில், ஆட்டையாம்பட்டி தாண்டியதும் பேருந்து டயர் வெடித்து நின்றது. எங்கள் ஊரில் ரயில் நான்கு நிமிடம் தாமதமானால் மன்னிப்புக் கேட்டு அறிவிப்பு வரும், அதையும் மீறி நாங்கள் புலம்புவோம். இங்கே யாரும் முகத்தைக்கூடச் சுளிக்கவில்லை. ஒரு பெரியவர் முறுக்குப் பொட்டலத்தைப் பிரித்து அறிமுகமில்லாத எல்லோருக்கும் நீட்டினார். எனக்குப் பின்னால் நின்ற இரண்டு பேர் ஆழ்துளைக் கிணறு தோண்டும் ரிக் வண்டியில் வேலை செய்கிற வடநாட்டுத் தொழிலாளிகள். எனக்குத் தெரிந்த அரைகுறை இந்தியில் அவர்கள் பேச்சு இவ்வளவு புரிந்தது: "எழுநூறு அடி போயும் புழுதிதான். தண்ணீர் இருக்கும் என்று சொன்ன ஆள் எங்கே?" "அங்கேயே நின்றார். விவசாயியின் முகத்தை நேராகப் பார்த்து, தப்பாகிவிட்டது என்றார்." நான் முறுக்கை மெல்லுவதை நிறுத்தினேன். அந்த ஆள் கீழே என்ன இருக்கிறதென்று சொல்கிறார், நான் மேலே என்ன இருக்கிறதென்று சொல்கிறேன். எனக்கு மட்டும் யார் முகத்தையும் பார்க்க வேண்டியிருந்ததில்லை.

அந்த வழியாக வந்த முட்டை வண்டிக்காரர் ஒருவர் என்னை ஏற்றிக்கொண்டார். நாமக்கல் முட்டை, அடுக்கடுக்காக அட்டைகள். ஒவ்வொரு வேகத்தடையிலும் பிரசவத்துக்குப் போகிறவரை ஏற்றி வந்தது போல ஓட்டினார். உடைந்தால் என்ன செய்வீர்கள் என்று கேட்டேன். "உடஞ்சா உடஞ்சுதுன்னு சொல்லிப்போடுவனுங்க. கோழி மேலயா பழி போட முடியும்?" என்றார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவர் தம் பகடியைத் தாமே மெச்சிச் சிரித்துக்கொண்டார்.

கல்லூரி வாசலில் மாணவிகள் சந்தனம் குங்குமத்தோடு நின்றார்கள். மேளம் மட்டும்தான் இல்லை. செயற்கைக்கோள் திட்டத்தை நடத்துகிற பேராசிரியர் சிவகாமி ஒல்லியான, ஓயாத மனுஷி. ஆய்வுக்கூடத்தில் ஒவ்வொரு கம்பியையும் பெயர் சொல்லி அறிமுகம் செய்துவைத்தார். மதியம் அரிசிம்பருப்புச் சோறு, மேலே நெய், தொட்டுக்கொள்ள அப்பளம். இவ்வளவு எளிய சாப்பாடு இவ்வளவு ருசியாக இருப்பது நியாயமே இல்லை. இரண்டாம் முறை வாங்கும்போது சொல்லலாம் என்று நினைத்தேன். மோர் வந்ததும் சொல்லலாம் என்று நினைத்தேன். மோரும் வந்து போனது.

சாப்பிட்டு வருகையில் தாழ்வாரச் சுவரைக் காட்டினார். முதல் செயற்கைக்கோளுக்கு உழைத்த எல்லோருடைய படமும் சட்டம் போட்டு மாட்டியிருந்தது. நடுவில் ஓர் ஆணி மட்டும் வெறுமையாக இருந்தது. யாருடையது என்று கேட்டேன். திருச்செங்கோட்டில் ரிக் வண்டிக்கு உதிரிப் பாகம் செய்கிற பழனிவேல் என்பவரின் படமாம். கீல் செய்தவர் அவர்தான். நான் எழுதிய வரியை அறிக்கையில் அப்படியே சேர்த்துக் கூட்டத்தில் வாசித்திருக்கிறார்கள். அவரும் கூட்டத்தில் உட்கார்ந்திருந்தாராம்.

"நாங்க ஒரு வார்த்தை சொல்லலீங்க சார். அடுத்த நாளு அவரே ஏணி வாங்கிப் போட்டு ஏறிக் கழட்டிக்கிட்டுப் போயிட்டாருங்க. இப்ப கூப்பிட்டாலும் வரமாட்டேங்கறாருங்க" என்றார் சிவகாமி.

இரண்டாவது செயற்கைக்கோளுக்குக் கீல் வெளியிலிருந்து வாங்குகிறார்களாம். நான் அந்த ஆணியைப் பார்த்துக்கொண்டு நின்றேன். சொல்ல வேண்டிய இடம் அதுதான், சொல்ல வேண்டிய ஆளும் எதிரிலேயே நின்றார். "சரி, கூட்டத்துக்கு நேரமாகிறதே" என்றேன்.

கூட்டத்தில் பொன்னாடை போர்த்தினார்கள். இரண்டாவது வரிசையில் இருந்து ஒரு மாணவி எழுந்து, போன தடவை உங்கள் கணக்கில் தப்பு இருக்க வாய்ப்பே இல்லையா ஐயா என்று கேட்டாள். எல்லா மாதிரிக் கணக்குக்கும் ஒரு பிழை வரம்பு உண்டு, இயற்கை முன்னால் நாமெல்லாம் சிறியவர்கள் என்று பத்து நிமிடம் பூசி மெழுகினேன். கைதட்டினார்கள். அந்தப் பெண் மட்டும் தட்டவில்லை, குறிப்பேட்டில் ஏதோ எழுதிக்கொண்டாள். அன்று சாயங்காலம் அறைக்கு வந்து கண்ணாடியைப் பார்க்காமல் முகம் கழுவினேன். ஐம்பத்தாறு வயது, தோளில் பட்டு, வயிறு நிறைய நெய்ச்சோறு. வெட்கமாக இருந்தது. வேறு எப்படிச் சொல்வது?

மூன்றாம் நாள் காலை திருச்செங்கோட்டுக்குப் போனேன். பையில் அந்தப் பொன்னாடை இருந்தது. அதை அவருக்குப் போர்த்திவிடலாம் என்று வழியெல்லாம் ஒரு காட்சி மனதில் ஓடியது. ஊர் எல்லை வந்ததும் அந்த நினைப்பே கூசியது. அடுத்தவர் போர்த்தியதை இன்னொருவருக்குப் போர்த்திப் பாவம் கழுவுகிற அளவுக்குச் சினிமா பார்த்திருக்கிறேன்.

ஊரே ரிக் வண்டிகளின் ஊர். சாலையின் இரண்டு பக்கமும் கோபுரம் படுத்துக்கிடப்பது போல நீள நீளமாக நின்றன. மலை பின்னால் வெயிலில் காய்ந்துகொண்டிருந்தது. பழனிவேலின் பட்டறை ஒரு தகரக் கொட்டகை. இரண்டு லேத், ஒரு துளையிடும் இயந்திரம், மூலையில் சுருள்வில் சுற்றிக்கொண்டிருந்த அவர் மனைவி சரசு. நான் யார் என்று சொன்னதும் பழனிவேல் லேத்தை நிறுத்திவிட்டு, இருந்த ஒரே நாற்காலியைத் துண்டால் இரண்டு தடவை துடைத்தார். நாற்பது வயது இருக்கும். எதிர்பார்த்த கோபத்தை அவர் முகத்தில் தேடினேன். அவருக்கு என்னைப் பார்த்ததில் சந்தோஷம்.

"நீங்களே வருவீங்கன்னு நெனைக்கலீங்க. ஒண்ணே ஒண்ணு உங்களக் கேக்கோணும்னு இருந்தனுங்க" என்றார்.

பெஞ்சின் மேல் விரித்திருந்த துணியை விலக்கினார். உள்ளங்கையில் அடங்குகிற சின்னச் சின்னப் பொட்டலங்கள், வரிசையாக. ஒவ்வொன்றும் தினசரிக் காலண்டர் தாளில் சுற்றியிருந்தது. ஒன்றைப் பிரித்துக் காட்டினார். கீல். அடுத்ததும் கீல். மொத்தம் நாற்பத்து மூன்று. அறிக்கை வாசித்த பிறகு வாரத்துக்கு ஒன்று வீதம் செய்திருக்கிறார். ஊசி கொஞ்சம் பருமன், துளை கொஞ்சம் இறுக்கம், வில்லுக்கு ஒரு சுற்று கூட, ஒரு சுற்று குறைச்சல் என்று விதவிதமாக மாற்றி, ஒவ்வொன்றையும் ஆயிரம் தடவை திறந்து மூடி, வெயிலில் வைத்து, பனிக்கட்டியில் வைத்துப் பார்த்திருக்கிறார். முடித்த அன்றைய தாளைக் கிழித்து அதிலேயே சுற்றி வைப்பாராம். ரிக் வேலையில் பாதியை வேண்டாமென்று விட்டுவிட்டாராம், இதை முடிக்காமல் அதில் கை ஓடவில்லை என்பதால்.

"எதுலயும் தளர்ச்சி வரமாட்டேங்குதுங்க. கீலு தளர்ந்திருக்கலாம்னு நீங்க எழுதியிருந்தீங்கல்லங்க. அது எந்தப் பக்கமா தளர்ந்துச்சுங்க? அத மட்டும் சொல்லிப்போட்டீங்கன்னா நான் புடிச்சுக்குவனுங்க."

டீ வந்தது. வாங்கிப் பக்கத்தில் வைத்துக்கொண்டேன். தட்டுவடைக்காரம்மா சொன்னது போல முழுதாகச் சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது, பாதி சொன்னால் நிற்காது. சொன்னேன். சூரியனின் அளவு, மாறிப்போன முகவரி, நேற்றைய எண்ணையே எடுத்துக்கொண்ட நிரல், எல்லாவற்றையும். அவர் குறுக்கே பேசாமல் கேட்டார். பிறகு சுவரில் தொங்கிய காலண்டரைப் பார்த்தார்.

"தாளக் கிழிக்காமயே உட்டுட்டீங்க" என்றார்.

"ஆமாம்."

"அப்ப இதுல எதுலயும் தப்பில்லீங்களா?"

"இல்லை."

"மொதல்ல செஞ்சு மேல போச்சே, அதுலயும்?"

"அதிலும் இல்லை. அது நான் பார்த்த கீல்களிலேயே நல்ல கீல்." கடைசி வாக்கியம் தேவையில்லாதது. அதை நான் பார்த்ததே இல்லை. படம்தான் பார்த்திருக்கிறேன்.

அவர் உட்கார்ந்துவிட்டார். மூலையில் வில் சுற்றுகிற சத்தம் நின்றிருந்தது. சரசு எழுந்து வந்து, புடவையில் கையைத் துடைத்துக்கொண்டே கேட்டார். "ஏனுங்க, உங்களுக்கு இது எப்பத் தெரியும்?"

இந்தக் கேள்விக்குத்தான் ஊரிலிருந்து பயந்துகொண்டு வந்தேன் போலிருக்கிறது. கைபேசியை எடுத்து, வரைவுப் பெட்டியைத் திறந்து அவரிடம் நீட்டினேன். நான் சொல்ல வேண்டியிருக்கவில்லை, தேதி அதிலேயே இருந்தது. ஜூலை மாதத்துத் தேதி.

சரசு அதைப் பார்த்துவிட்டுப் பெஞ்சுக்குப் போனார். பொட்டலங்களின் தாளை ஒவ்வொன்றாகத் திருப்பித் தேதி பார்த்தார். அந்தத் தேதிக்கு முன்னால் செய்தவற்றை இடது பக்கம் தள்ளினார், பின்னால் செய்தவற்றை வலது பக்கம். இடது பக்கம் எட்டு வந்தது. வலது பக்கம் முப்பத்தைந்து. கணவர் அதைப் பார்க்காமல் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் எங்கே பார்ப்பதென்று தெரியாமல் ஆறிப்போன டீயைப் பார்த்தேன்.

மன்னித்துவிடுங்கள் என்றேன். பழனிவேல், அந்தக் கடிதத்தில் என்ன எழுதியிருக்கிறதென்று படித்துக் காட்டச் சொன்னார். ஆங்கிலத்தில் இருந்ததைத் தமிழில் சொன்னேன். கீலில் குறை இல்லை, கணக்கில் உள்ளிட்ட எண்களில் குறை நேர்ந்திருக்கிறது.

"யாரு செஞ்ச கீலுன்னு அதுல இல்லீங்களே" என்றார்.

பழனிவேல் செய்த கீல் என்று சேர்த்தேன். குறை நேர்ந்திருக்கிறது என்பதை அடித்துவிட்டு, நான் தவறு செய்தேன், ஜூலையில் தெரிந்தும் மறைத்தேன் என்று எழுதினேன். கல்லூரிக்கும் என் மேலதிகாரிக்கும் சேர்த்து அனுப்பினேன். எட்டு மாதம் அனுப்ப முடியாத கடிதம் ஒரு விரல் தொட்டதும் போய்விட்டது.

கால் மணி நேரத்தில் சிவகாமி அழைத்தார். ஹலோ என்றேன். "அவரு பக்கத்துல இருக்காருங்களா? அவருகிட்ட குடுங்க" என்றார். என்னிடம் பேசிய கடைசி வார்த்தைகள் அவைதான். பழனிவேல் கைபேசியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, "ஆமாங்க மேடம்... இல்லீங்க, அழுவலீங்க... சரிங்க, நாளைக்கே வாரனுங்க" என்றார். கடைசியில், "படத்தயும் எடுத்துக்கிட்டு வாரனுங்க" என்றார். சொல்லிவிட்டுக் கொட்டகைக்கு வெளியே போய் நின்றார்.

கிளம்பும்போது சரசு ஒரு ஜவுளிக்கடைப் பையைக் கொண்டுவந்து வைத்தார். வலது பக்கத்து முப்பத்தைந்தும் அதில் இருந்தன.

"எட்டு எங்களுதுங்க. அது தெரியாமச் செஞ்சது. இது உங்களுது, நீங்களே கொண்டுபோங்க. எங்க ஊட்டுல இருக்க வேண்டாமுங்க." கோபமாகச் சொல்லவில்லை. மறந்துவிட்டுப் போகிற குடையை எடுத்துக் கொடுப்பவர் மாதிரிதான் சொன்னார். பழனிவேல் பேருந்து நிறுத்தம் வரை தம் வண்டியில் கொண்டுவந்து விட்டார். அந்த மரியாதையை அவர் காட்டாமல் விட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும். பை என் மடியில் கனத்தது.

அன்று சாயங்காலம் பள்ளிபாளையம் சிக்கன் நன்றாக இருக்கும் என்று விடுதியில் சொன்னார்கள். காய்ந்த மிளகாயும் தேங்காய்ச் சில்லுமாகச் சிவக்கச் சிவக்க வந்தது. நன்றாகத்தான் இருந்திருக்கும்.

நான்காம் நாள் விமான நிலையத்தில் என் கைப்பையை ஓரமாக இழுத்துவைத்தார்கள். முப்பத்தைந்து சின்ன உலோகப் பொட்டலம் என்றால் யாருக்குத்தான் சந்தேகம் வராது? இளம் பெண் அதிகாரி ஒருவர் ஒவ்வொன்றாகப் பிரித்து மேசையில் வைத்தார். காலண்டர் தாள்கள் என் முன்னால் குவிந்தன. ஆகஸ்ட் மாதத்து ஒரு வெள்ளி: நான் அலுவலக விருந்தில் நண்டு தின்ற நாள். அக்டோபர் மாதத்து ஒரு ஞாயிறு: மகளோடு கடற்கரைக்குப் போனது. டிசம்பரில் நான்கு தாள், ஜனவரியில் நான்கு. அந்த நாள்களில் எல்லாம் இங்கே ஒருவர் இல்லாத குற்றத்தைத் தேடி ஒரு கீலை ஆயிரம் தடவை திறந்து மூடியிருக்கிறார்.

"எல்லாம் ஒண்ணு மாதிரியே இருக்கே, எதுக்குங்க இத்தனை?" என்று அதிகாரி கேட்டார்.

ஒன்றே போதும், என்னால்தான் இத்தனை ஆகிவிட்டது என்றேன். அவருக்கு அது பதிலாகப் படவில்லை. ஆனாலும் விட்டுவிட்டார், பின்னால் வரிசை நீண்டிருந்தது. கைக்கு வந்த தாளில் கைக்கு வந்த கீலைச் சுற்றி அவசரமாகப் பையில் போடத் தொடங்கினார். அப்படி வேண்டாம், நானே சுற்றுகிறேன் என்று தடுத்தேன்.

ஓரத்து நாற்காலியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் மடியில் பரப்பினேன். எந்தக் கீல் எந்த நாளில் செய்தது என்று பழனிவேலுக்குக் கையில் எடுத்ததுமே தெரியும். ஊசியைப் பார்த்தேன், துளையைப் பார்த்தேன், வில்லின் சுற்றுகளை எண்ணப் பார்த்தேன். என் விமானத்துக்குக் கடைசி அழைப்பு வரும்வரை பார்த்தும், ஒரு நாளையாவது அதன் கீலோடு என்னால் சேர்க்க முடியவில்லை.